அட்டையில் பன்னிரண்டு

அச்சகத்தில் அவளை எல்லோரும் அட்டவணை அக்கா என்றுதான் கூப்பிடுவார்கள். கோடு கிழித்துச் சதுரம் சதுரமாக அடைக்க வேண்டிய வேலை எது வந்தாலும் அது அவள் கணினிக்குத்தான் போகும். ஒருமை, பன்மை, எதிர்ச்சொல், இறந்தகால வினை என்று எதைக் காலையில் கொடுத்தாலும் மதியச் சாப்பாட்டுக்கு முன்னால் ஒரு கோடு பிசகாமல் எடுத்து நீட்டிவிடுவாள். பரீட்சைக்கு முதல் நாள் பிள்ளைகள் அலறியடித்துக்கொண்டு வாங்குகிற ஆங்கில வழிகாட்டிப் புத்தகங்கள்தான் அந்த அச்சகத்தின் பிழைப்பு. அதை அடித்துக் கொடுக்கிறவள் பள்ளியில் அதே ஆங்கிலத்தில் இரண்டு முறை மண்ணைக் கவ்வியவள் என்பது வெளியே தெரிந்தால் சிரிப்பார்கள். அவள் யாரிடமும் சொன்னதில்லை.

வேலைக்குச் சேர்ந்த வருடம் நடந்த கூத்து ஒன்று உண்டு. அறிவியல் புத்தகங்களில் படத்துக்குக் கீழே 'ஃபிகர் 1, ஃபிகர் 2' என்று அடித்து அடித்து, ஃபிகர் என்றால் படம் என்று மனதில் பதிந்துபோயிருந்தது. கணக்குப் பாடத்தில் எண்களையும் ஃபிகர் என்கிறார்களே என்று ஒரு நாள் குழம்பினாள். சரி, எண்ணும் ஒரு படம்தானே என்று தன்னைத்தானே சமாதானம் செய்துகொண்டாள். பிறகு 'ஃபிகர்ஸ் ஆஃப் ஸ்பீச்' என்ற தலைப்பில் ஒரு பாடம் கையெழுத்தில் வந்தது. அவள் என்ன செய்தாள் என்றால், ஒவ்வொரு வரிக்குப் பக்கத்திலும் படத்துக்காக அழகாக ஒரு கட்டம் விட்டு வைத்தாள். படங்கள் பின்னால் வரும் என்று நினைத்துக்கொண்டாள்.

அந்தப் பாடத்தை எழுதிய டீச்சர் முதல் திருத்தத்துக்காக வந்தவர், காலிக் கட்டங்களைப் பார்த்துவிட்டு வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். அட்டவணை அக்கா வயதுதான் அவருக்கும். பெரிய பள்ளி ஒன்றில் ஆங்கிலம் நடத்துகிறவர். சிரித்து முடித்ததும் நாற்காலியை இழுத்துப் போட்டுப் பக்கத்தில் உட்கார்ந்துவிட்டார்.

"படம்தான் அக்கா, நீங்க நினைச்சது தப்பில்ல. பென்சிலால போடாம வார்த்தையால போடுற படம். 'அவன் சிங்கம் மாதிரி வந்தான்'னு சொன்னா உங்களுக்குக் கண்ணுல ஏதோ தெரியுதில்ல? அதுதான் ஃபிகர்."

கேலி செய்திருந்தால் அவள் வாயை மூடிக்கொண்டு கோடு கிழித்திருப்பாள். இப்படிப் பக்கத்தில் உட்கார்ந்து சொன்னதில்தான் வந்தது வினை. இந்த வார்த்தைப் படங்கள்மேல் ஒரு ஆசை அவளைப் பிடித்துக்கொண்டது. ஒவ்வொரு வருடமும் அந்த அட்டவணையை அடிக்கும்போது நிதானமாக வாசித்துக்கொண்டே அடிப்பாள். சிமிலி என்றால் உவமை. மெட்டஃபர் என்றால் உருவகம். பெர்சானிஃபிகேஷன் என்றால் உயிரில்லாததற்கு உயிர் கொடுத்துப் பேசுவது. ஹைப்பர்போலி என்றால் மிகைப்படுத்தி அளப்பது. இதற்கு அவளுடைய நாத்தனாரை விட்டால் வேறு உதாரணமே வேண்டாம். பத்து வருடத்தில் அந்தப் பாடத்தின் பதினோரு அணிகளும் அவளுக்குத் தலைகீழாகத் தெரியும். சமையலறையில் நின்றுகொண்டு, குழாய் அழுகிறது, இது பெர்சானிஃபிகேஷன் என்று தனக்குத்தானே சொல்லிக்கொள்வாள். கேட்க ஆள் கிடையாது. அவள் வீட்டுக்காரர் இரவுக் காவலாளி. காலையில் வந்து விழுந்தால் மாலையில்தான் எழுவார். அவரோடு குடும்பம் நடத்தியதைவிட அவர் தூங்குவதைப் பார்த்துக்கொண்டிருந்த நேரம்தான் அதிகம் என்று அவளே சொல்வாள்.

டீச்சரின் வேலை அவ்வளவு சுத்தம். ஒரு பக்கம் மட்டும் எழுதிய தாள், வரிக்கு வரி எண், அடித்தல் திருத்தல் இல்லாத கையெழுத்து. முதல் திருத்தத்தை அவர் பார்ப்பார். அதற்குப் பிறகு பக்கம் கட்டுவது, ஓரத்தில் விழுகிற வெள்ளையைப் பூப்போட்டு அடைப்பதெல்லாம் அச்சகத்தின் பாடு. அடித்து முடித்த கையெழுத்துத் தாள்கள் மூட்டையாகக் கட்டப்பட்டுச் சனிக்கிழமை பழைய பேப்பர்காரரிடம் போய்விடும். எந்த அச்சகத்திலும் அதுதான் வழக்கம்.

பத்தாவது வருடம் முதலாளி ஒரு வேலை செய்தார். வண்ண அட்டை வேறு இடத்தில் அச்சாவதால் அதை எப்போதும் முன்கூட்டியே அனுப்பிவிடுவார்கள். எதிர்த்தெரு அச்சகக்காரர் தன் அட்டையில் 'பன்னிரண்டு அணிகளும் விளக்கத்துடன்' என்று போட்டிருப்பதாக முதலாளியின் காதுக்கு எட்டியது. பொறுக்குமா? ஒரு வார்த்தை யாரையும் கேட்காமல் நம் அட்டையிலும் பன்னிரண்டு என்று போட்டு அனுப்பிவிட்டார். நாலாயிரம் அட்டை பளபளவென்று வந்து இறங்கிய பிறகுதான் உள்ளே எத்தனை என்று எண்ணிப் பார்த்தார்கள். உள்ளே பதினொன்று.

டீச்சருக்கு நான்கு முறை போன் போட்டார்கள். எடுக்கவில்லை. இயந்திரத்தில் அச்சுத் தட்டு ஏற்றத் தயாராக நின்றுகொண்டிருந்தார்கள்.

"பத்து வருஷமா நீதானே அடிக்கிற? உனக்குத் தெரியாததா? ஒண்ணு போட்டு அடைச்சு விடும்மா," என்றார் முதலாளி.

"டீச்சரைக் கேக்காமலா முதலாளி?"

"அவங்க போனை எடுத்தாத்தானே கேக்கறதுக்கு! அவங்களே வந்தாலும் உன்கிட்டதான் கேக்கணும். போடு, போடு."

முதலாளி யாரையும் புகழ்ந்து அவள் கேட்டதில்லை. குளிர்ந்துபோனாள். எதிர்த்தெருப் புத்தகத்தை ஒன்று வாங்கிவரச் சொல்லி அதிலிருந்து பன்னிரண்டாவதைப் பார்த்து அடித்திருக்கலாம். அது திருட்டு, டீச்சருக்குத் தெரிந்தால் அசிங்கம் என்று தோன்றியது. அவ்வளவு யோக்கியம்! திருடக் கூடாது என்பதற்காகத் தானே ஒன்றைச் செய்துவிட்டாள்.

அவள் கணக்கு இதுதான். உயிரில்லாததை ஆள் போலச் சொன்னால் பெர்சானிஃபிகேஷன். பெர்சன் என்றால் ஆள். அப்படியானால் ஆளை உயிரில்லாத பொருளாகச் சொல்வதற்கும் ஒன்று இருக்கத்தானே வேண்டும்? திங் என்றால் பொருள். ஆகவே திங்கிஃபிகேஷன். படித்தவர்கள் தலையில் அடித்துக்கொள்வார்கள். அது வெறும் உருவகம், இரண்டாவது வரியில் ஏற்கெனவே இருக்கிறது என்பார்கள். இருக்கட்டும். அவளுக்கு யார் வந்து சொன்னார்கள்? உதாரணத்துக்கு ஒரு வாக்கியம் வேண்டியிருந்தது. அன்று காலையில் வீட்டில் விட்டு வந்த ஆள் நினைவுக்கு வந்தார். 'மை ஹஸ்பண்ட் இஸ் எ பில்லோ' என்று அடித்தாள். பக்கத்துக் கட்டத்தில் தமிழ்: 'என் கணவர் ஒரு தலையணை.'

அடித்துவிட்டுத் திரையைப் பார்த்து அவள் சிரித்தாள். பிற்பாடு அவளைப் பிடுங்கித் தின்றது அந்தச் சிரிப்புதான். அவசரத்தில் அடைத்தேன், முதலாளி சொன்னார் செய்தேன் என்றெல்லாம் ஊருக்குச் சொல்லலாம். உண்மை என்னவென்றால் அவளுக்குச் சந்தோஷமாக இருந்தது. வாழ்க்கையில் முதல்முறையாக ஒரு ஆங்கில வாக்கியத்தைச் சொந்தமாகச் செய்திருந்தாள். புத்தகம் கட்டி வந்ததும் ஒரு பிரதியை யாருக்கும் தெரியாமல் பைக்குள் வைத்து வீட்டுக்குக் கொண்டுபோனாள். அட்டையில் டீச்சரின் பெயர் இருந்தது. உள்ளே ஒரு வரி தன்னுடையது என்று நினைத்துக்கொண்டாள்.

புத்தகம் வெளியாகி ஒரு மாதம் போயிருக்கும். ஒரு மத்தியானம் டீச்சர் அச்சகத்துக்கு வந்தார். பள்ளிக்கூடத்திலிருந்து நேராக வந்திருக்க வேண்டும், விரல்களில் சுண்ணாம்புக்கட்டித் தூள் இருந்தது. ஆள் பாதியாகியிருந்தார். முதலாளியின் மேசையில் புத்தகத்தை விரித்து அந்தப் பக்கத்தைக் காட்டினார்.

"இது எப்படி வந்துச்சு சார்?"

முதலாளி கண்ணாடியை மாட்டி வாசித்தார். வாசித்து முடிக்க அவருக்கு நேரம் பிடித்தது.

"ஏன் டீச்சர், என்ன தப்பு?"

"இப்படி ஒரு அணியே கிடையாது. அதை விடுங்க. நான் கிளாசுக்குப் போறேன், போர்டுல தலையணைக்கு மூக்கும் மீசையும் போட்டு வரைஞ்சு வச்சிருக்காங்க. கீழே என் வீட்டுக்காரர் பேரு." அவர் புத்தகத்தை மூடினார். "அவருக்குப் பக்கவாதம் சார். பரீட்சை புக்குக்கு நான் எழுதிட்டிருந்தப்பவே விழுந்துட்டார். ஒரு பக்கம் முழுக்க வரல, பேச்சும் வரல. படுத்த படுக்கைதான். ஸ்கூல்ல எல்லாருக்கும் தெரியும். ஹெட்மிஸ்ட்ரஸ் கூப்பிட்டு, இதையெல்லாம் புக்ல எழுதுவீங்களான்னு கேட்டாங்க."

தன் கணினிக்கு முன்னால் உட்கார்ந்திருந்த அட்டவணை அக்கா விசைகளிலிருந்து கையை எடுத்தாள். நான்கு முறை அடித்தும் எடுக்காத போன் எங்கே இருந்திருக்கும் என்பது அப்போதுதான் அவளுக்குப் புரிந்தது.

முதலாளி கெட்டவர் என்று சொல்ல முடியாது. பயந்தவர். நாலாயிரம் புத்தகம் கடைகளில் இருந்தது. எல்லாம் திரும்பி வந்தால் என்ன ஆகும் என்பதைத் தவிர அவருக்கு அந்த நிமிடத்தில் எதுவும் தோன்றவில்லை.

"டீச்சர், நீங்க எழுதிக் குடுத்ததைத்தான் நாங்க அடிச்சோம். எங்களுக்கு என்ன இங்கிலீஷ் தெரியும்?" என்றவர் இவள் பக்கம் திரும்பினார். "என்னம்மா, அவங்க தாள்ல இருந்ததைத்தானே அடிச்ச?"

டீச்சரும் திரும்பிப் பார்த்தார். அந்த முகத்தில் சந்தேகம் இல்லை. அக்கா உண்மையைச் சொல்லிவிடுவாள் என்கிற நம்பிக்கைதான் இருந்தது.

"ஆமா முதலாளி," என்றாள் அட்டவணை அக்கா.

இரண்டே வார்த்தை. வேலை போய்விடும், வீட்டுக்காரரின் சம்பளத்தில் வாடகைகூடக் கட்ட முடியாது என்று பிற்பாடு அவள் தனக்காக நிறைய வாதாடிப் பார்த்தாள். அந்த நேரத்தில் அப்படி எதையும் யோசிக்கவில்லை. எல்லார் முன்னாலும், நீயா எழுதினாய், உனக்கு என்ன தெரியும் என்று ஒரு வார்த்தை வந்துவிடுமோ என்று கூசினாள். அவ்வளவுதான். அந்தக் கூச்சத்துக்காக இன்னொருத்தியை மாட்டிவிட்டாள்.

டீச்சர் சண்டை போடுவார் என்று இரண்டு பேரும் எதிர்பார்த்தார்கள். அவர் மெதுவாக நாற்காலியில் உட்கார்ந்தார்.

"அந்தத் தாள் இருக்கா?"

"அதெல்லாம் அந்த வாரமே பேப்பர்காரர்கிட்ட போயிருக்குமே டீச்சர்."

"ஆஸ்பத்திரியில அவர் கட்டில் பக்கத்துல உக்காந்து எழுதினேன். பாதி தூக்கம், பாதி அழுகை. என்ன எழுதினேன்னு எனக்கே ஞாபகம் இல்ல. இந்தத் தடவை புரூஃபையும் சரியா பார்க்கல." புத்தகத்தை எடுத்து மறுபடி அந்த வரியைப் பார்த்தார். "நான்தான் எழுதியிருப்பேனோ?"

முதலாளி கண்ணாடியைக் கழற்றித் துடைக்க ஆரம்பித்தார். பின்னால் இயந்திரம் ஓடிக்கொண்டிருந்தது.

"மனசுல இருந்தது கை வழியா வந்துடுச்சு போல," என்றார் டீச்சர். எழுந்து போகும்போது முதலாளியைப் பார்த்து, "மன்னிச்சிடுங்க சார், உங்க புக்குக்கும் என்னால கெட்ட பேரு," என்றார். இவள் பக்கம் திரும்பி, "வரேன் அக்கா," என்றும் சொல்லிவிட்டுப் போனார்.

அந்த 'வரேன் அக்கா'வுக்கு அவள் செத்திருக்கலாம்.

அன்றைக்கே சொல்லியிருக்க வேண்டும். வாசலுக்கு ஓடியிருந்தால் பத்து அடியில் பிடித்திருக்கலாம். நாளைக்குச் சொல்லலாம் என்று நினைத்தாள். நாளை என்பது ஒரு வாரமாகி, மாதமாகி, மூன்று மாதமாகிவிட்டது. எவ்வளவு நாள் தள்ளிப்போகிறதோ அவ்வளவு கூடுதலாகச் சொல்ல வேண்டியிருந்தது. தப்பைச் சொல்வதோடு, இத்தனை நாள் ஏன் சொல்லவில்லை என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். மதிய இடைவேளையில் கணினியில் 'அன்புள்ள டீச்சருக்கு' என்று அடிப்பாள். யாராவது வந்தால் அழித்துவிடுவாள். வீட்டில் அந்தப் புத்தகத்தை அலமாரியில் துணிகளுக்கு அடியில் ஒளித்து வைத்தாள். பிழைத்திருத்தம் ஒன்று அடித்து மீதிப் பிரதிகளில் ஒட்டலாமா என்று முதலாளியிடம் ஒருமுறை கேட்டுப் பார்த்தாள்.

"ஒட்டினா, நாமதான் பண்ணினோம்னு நாமளே ஒத்துக்கிட்ட மாதிரி ஆகாதா? வாயை மூடிட்டு வேலையைப் பாரும்மா," என்றார் அவர்.

அவளும் வாயை மூடிக்கொண்டு வேலையைப் பார்த்தாள். அதில் அவளுக்குக் கொஞ்சம் நிம்மதிகூட வந்தது, அந்த நிம்மதியை நினைத்து அதற்கும் சேர்த்து வெட்கப்பட்டாள். அணிகள் எல்லாம் கசந்துபோயின. குழாய் ஒழுகினால் சும்மா ஒழுகிற்று.

அடுத்த பதிப்புக்கான தாள்கள் வந்தன. அதே கையெழுத்து, அதே எண்கள். எட்டாம் பாடம் முடிந்து பத்தாம் பாடம் வந்துவிட்டது. நடுவில் ஒரு சின்னத் துண்டுச்சீட்டு குத்தியிருந்தது. 'ஒன்பதாம் பாடம், அணிகள்: இதை வேறு யாரையாவது வைத்து எழுதிக்கொள்ளுங்கள். இதை நடத்த எனக்கு இனி தகுதி இல்லை.'

முதலாளி அதை வாசித்துவிட்டு, "போன வருஷத்துதையே எடுத்துப் போட்டுடு, அந்தக் கடைசி வரியை மட்டும் தூக்கிடு," என்று கொடுத்துவிட்டுப் போனார். அவள் சீட்டை மறுபடி வாசித்தாள். பெரிய பள்ளியில் இருபது வருடம் ஆங்கிலம் நடத்தியவருக்குத் தகுதி இல்லையாம். பிறகு ஒரு வெள்ளைத்தாள் எடுத்து, 'பன்னிரண்டாவது வரியை எழுதியது நான். டீச்சர் எழுதித் தந்ததில் அது இல்லை' என்று எழுதிக் கையெழுத்துப் போட்டாள். முதலாளியிடம் கொண்டுபோய்க் காட்டினாள்.

"இதைக் குடுத்துட்டு இங்க திரும்பி வரலாம்னு நினைக்காத," என்றார் அவர்.

"சரி முதலாளி," என்று சொல்லிவிட்டு வெளியே வந்தாள்.

டீச்சர் வீடு இரண்டாவது மாடியில் இருந்தது. படி ஏறும்போதே சொல்ல வேண்டியதை நாலைந்து தடவை சொல்லிப் பார்த்துக்கொண்டாள். கதவைத் திறந்த டீச்சர் கையில் கஞ்சிக் கிண்ணம் இருந்தது.

"அட, அக்காவா! உள்ள வாங்க. புரூஃப் ஏதாவது கொண்டு வந்தீங்களா?"

முன் அறையிலேயே கட்டில் போட்டிருந்தார்கள். அதில் டீச்சரின் கணவர் சாய்ந்து உட்கார்ந்திருந்தார். நன்றாகச் சவரம் செய்த முகம், வாய் ஒரு பக்கம் இழுத்திருந்தது, கழுத்தில் ஒரு துண்டு. கண்கள் மட்டும் வந்தவளைத் தெளிவாகப் பார்த்தன. அட்டவணை அக்காவால் அந்தப் பக்கம் பார்க்க முடியவில்லை. பயிற்சி செய்த வாக்கியங்கள் எல்லாம் எங்கேயோ போய்விட்டன.

"டீச்சர், அந்தத் தலையணை வரி நீங்க எழுதல. நான் எழுதினது."

டீச்சருக்குப் புரியவில்லை.

"உங்க தாள்ல பதினொண்ணுதான் இருந்துச்சு. அட்டையில பன்னிரண்டுன்னு போட்டுட்டாங்க. உங்களுக்கு போன் பண்ணினோம், எடுக்கல. நானே ஒண்ணைச் செஞ்சு அடைச்சேன். என் வீட்டுக்காரரை நினைச்சு எழுதினது டீச்சர். அவர் பகலெல்லாம் தூங்குவார். சார் இப்படி இருக்கார்னு எனக்குச் சத்தியமா தெரியாது. நீங்க வந்து கேட்டப்போ பொய் சொல்லிட்டேன்."

தாளை நீட்டினாள். டீச்சர் வாங்கி வாசித்தார். வாசித்துவிட்டு மடித்துத் திருப்பிக் கொடுத்தார்.

"இது எதுக்கு?"

"உங்க ஹெட்மிஸ்ட்ரஸ்கிட்ட காட்டுங்க டீச்சர். பிள்ளைங்க முன்னாடி உங்க பேரு கெட்டுப்போச்சே. நானே வந்து வேணும்னாலும் சொல்றேன்."

"அங்க எல்லாரும் ஒரே வாரத்துல மறந்துட்டாங்க," என்றார் டீச்சர். "பிள்ளைங்க இப்போ வேற யாரையோ வரைஞ்சிட்டிருக்காங்க."

அவள் எவ்வளவோ துணிந்து, வேலையை விட்டுக் கொண்டுவந்த தாள் அது. எதற்கும் ஆகாமல் கையில் இருந்தது. திட்டிவிட்டால்கூடப் பரவாயில்லை என்று நின்றாள். டீச்சர் திட்டவில்லை. கட்டில் ஓரத்து நாற்காலியில் போய் உட்கார்ந்தார். அந்த நாற்காலி கட்டிலைப் பார்க்காமல் சுவரைப் பார்த்துப் போடப்பட்டிருந்ததை அட்டவணை அக்கா அப்போதுதான் கவனித்தாள்.

"நான் எழுதினதுன்னே நினைச்சுட்டேன் அக்கா," என்றார் டீச்சர், கிண்ணத்தைப் பார்த்தபடி. "இவரைப் பத்தி என் அடிமனசு இப்படித்தான் நினைக்குது போலன்னு. மூணு மாசமா இவர் முகத்தைப் பார்க்காமலேதான் ஊட்டுறேன். கரண்டியை மட்டும் பார்த்துப்பேன். ஏன்னு இவர் கேக்கக்கூட முடியாது."

அட்டவணை அக்கா ஏதோ சொல்ல வாயைத் திறந்தாள். மன்னிப்பு என்ற வார்த்தைதான் வந்தது, அதை வெளியே விட அவளுக்கே கூசியது. அப்படியே விழுங்கிவிட்டாள்.

டீச்சர் எழுந்து நாற்காலியை இழுத்துக் கட்டிலைப் பார்த்துத் திருப்பிப் போட்டார். உட்கார்ந்து, கிண்ணத்தை மடியில் வைத்துக்கொண்டு, கணவரின் முகத்தைப் பார்த்தார். அவர் அதற்கு முன்னாலிருந்தே டீச்சரைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார்.

அட்டவணை அக்காவை உட்கார் என்றும் யாரும் சொல்லவில்லை, போ என்றும் சொல்லவில்லை. அவள் தாளைக் கையில் வைத்துக்கொண்டு வாசலோரத்தில் நின்றாள்.